சீட்டு விழுந்த ஊர்: வன்னியில் ஒரு லொத்தர் நகைச்சுவைப் படம் எடுக்க முழுமையான வழிகாட்டி

லொத்தரில் பரிசு விழுகிறது, ஊர் முழுக்க அந்தச் சீட்டின் பின்னால் ஓடுகிறது. இந்தக் கதையைச் சொல்லாத நாடு இருக்காது. பரிசு விழுந்த அதிர்ச்சியில் உயிரை விட்டுவிடுகிற கிழவரையும், அவர் உயிரோடு இருப்பதாகச் சாதிக்கிற ஊரையும் வைத்து, அயர்லாந்துக் கிராமம் ஒன்றில் நடக்கும் கதையாக 1998இலேயே ஒரு படம் வந்துவிட்டது. அதே சாயலில் இந்தியாவிலும் வந்திருக்கின்றன. ஆகவே செத்துப்போன கிழவரை விட்டுவிடுங்கள். ஆடு சீட்டைத் தின்றுவிட்டது என்ற முடிவையும் விட்டுவிடுங்கள். பத்துப் பேரிடம் கதை சொன்னால் எட்டுப் பேர் அந்த ஆட்டைத்தான் கேட்கிறார்கள்.

நானும் நண்பர்களும் இலங்கையின் வடக்கே வன்னியில், கிளிநொச்சி, முல்லைத்தீவுப் பக்கம் குறும்படம் எடுத்துப் பழகியவர்கள். லொத்தர் கதையை இரண்டு முறை எடுத்தோம். முதல் முறை ஊர் சிரிக்கவில்லை, கோபித்துக்கொண்டது. இரண்டாம் முறை சிரித்தது. இடையில் என்ன மாறியது என்பதைத்தான் படிப்படியாக எழுதுகிறேன்.

முதற்படி: சீட்டு என்றால் என்ன என்று தெரிந்துகொள்ளுங்கள்

இலங்கையில் தேசிய லொத்தர் சபை 1963ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் அமைந்தது. அபிவிருத்தி லொத்தர் சபை அதற்குப் பின் வந்தது. இரண்டும் அரசாங்க நிறுவனங்கள். தமிழ்நாட்டில் 2003இல் லொத்தரைத் தடை செய்துவிட்டார்கள். ஆகவே தமிழகப் படங்களைப் பார்த்து, கள்ளச் சீட்டு விற்கும் வில்லனை இங்கே கொண்டுவந்து நிறுத்தாதீர்கள். நம் சந்தியில் தகர மேசை போட்டு வெயிலில் இருப்பவர் சட்டப்படி விற்கும் ஏழை வியாபாரி. 2023 ஜூலையில் ஒரு சீட்டின் விலை 20 ரூபாயிலிருந்து 40 ரூபாயாக ஏறியது. கதை எந்த ஆண்டில் நடக்கிறதென்று முடிவு செய்துவிட்டு விலையைச் சொல்லுங்கள். பார்க்க வருகிறவர்களில் பாதிப்பேர் சீட்டு வாங்குகிறவர்கள், உடனே பிடித்துவிடுவார்கள்.

சீட்டுகளிலும் வகை உண்டு. மஹஜன சம்பதவில் ஓர் ஆங்கில எழுத்தும் ஆறு இலக்கங்களும். லக்ன வாசனாவில் இலக்கங்களோடு ஒரு ராசியும் இருக்கும். நகைச்சுவைக்கு ராசிச் சீட்டைப் போல் தீனி வேறில்லை. எல்லா இலக்கமும் பொருந்தி, ராசி மட்டும் மீனமா கும்பமா என்று மழையில் நனைந்து அழிந்திருந்தால், ஊரில் பஞ்சாங்கம் பார்ப்பவருக்கு ஒரு முழுக் காட்சி கிடைத்துவிடும். ஆனால் உண்மைச் சீட்டின் பெயரையும் வடிவத்தையும் நகல் எடுத்துத் திரையில் காட்ட வேண்டாம். நீங்களே ஒரு பெயர் வைத்து, நிறத்தை மாற்றி அச்சடியுங்கள். படத்துக்காக அடித்த சீட்டு யாருடைய கைக்காவது போய், அது விற்பனையாளரின் மேசைக்கு வந்தால், நகைச்சுவை பொலிஸ் நிலையத்தில்தான் முடியும்.

நடைமுறையில் கதைக்கு மிகவும் உதவுவது ஒன்று. சின்னப் பரிசை விற்பனையாளரே கையில் தந்துவிடுவார். பெரிய பரிசுக்குக் கொழும்புக்குப் போக வேண்டும். யார் கூடப் போவது? அந்த ஒரு கேள்வி படத்தின் பின்பாதியைத் தாங்கும். ஒரு கிழவர் இரவு பஸ்ஸில் கொழும்புக்குப் போகிறார். அதே பஸ்ஸில் ஊரே ஏறி, ஒருவரையொருவர் தெரியாதது போல் இருக்கிறது.

இன்னொன்று, சொல். வயதானவர்கள் இன்னும் ‘சுவீப்’ என்பார்கள், இளையவர்கள் ‘லொத்தர்’ என்பார்கள். ‘சீட்டு’ என்றால் எங்கள் பக்கம் முதலில் நினைவுக்கு வருவது பெண்கள் மாதாமாதம் கட்டும் சீட்டு. கணவன் இரவில் மனைவியின் காதில், “சீட்டு விழுந்துவிட்டது” என்கிறான். அவள் தன் மாதச் சீட்டு என்று நினைத்து, மறுநாள் காலை கிணற்றடியில் எல்லோரிடமும் சொல்லிவிடுகிறாள். இந்தக் குழப்பம் இலவசமாகக் கிடைப்பது. விட்டுவிடாதீர்கள்.

இரண்டாம் படி: ஆசைக்குத் தொகை எழுதுங்கள்

எங்கள் முதல் படம் தோற்றது இங்கேதான். ‘பேராசை பிடித்த கடைக்காரர்’, ‘பேராசை பிடித்த மகன்’ என்று எழுதி வைத்திருந்தோம். நடிகர்கள் கண்ணை உருட்டினார்கள், கையைப் பிசைந்தார்கள். ஊர் பார்த்துவிட்டு, “எங்களைப் பைத்தியக்காரர் ஆக்கிவிட்டீர்கள்” என்றது. நியாயம்தான்.

இரண்டாம் முறை ஒரு பள்ளிக் கொப்பியை எடுத்து, பாத்திரத்தின் பெயருக்கு எதிரே குணத்தை எழுதாமல் தொகையை எழுதினோம். பரிசு 20 லட்சம் ரூபாய். கடைக்காரருக்கு வர வேண்டிய கொப்பிக் கணக்கு 18,350. உழவு இயந்திரக்காரருக்கு இரண்டு போகத்து உழவுக்கூலி 64,000. மூத்த மகனுக்கு நெல் வெட்டும் இயந்திரத்தில் பங்கு சேர 8 லட்சம். மகளுக்கு, வீட்டுத்திட்டப் பணம் முடிந்து பூசாமல் நிற்கும் வீட்டை முடிக்க ஆறரை லட்சம். கோயில் தலைவர் மணிக்கோபுரத்துக்கு 9 லட்சம் கேட்கிறார். விளையாட்டுக் கழகம் கரப்பந்தாட்டத் திடலுக்கு விளக்குப் போட ஒன்றேகால் லட்சம். மருமகனுக்கு வெளிநாட்டு ஏஜென்சிக்குக் கட்ட 12 லட்சம்.

கூட்டிப் பாருங்கள்: 37 லட்சத்து 57 ஆயிரத்து 350. அதாவது, நேற்று வரை 82 ஆயிரத்து 350 ரூபாய் மட்டும் கடன் வைத்திருந்த மனிதர், 20 லட்சம் விழுந்த மறுநாள் 17 லட்சத்து 57 ஆயிரத்து 350 ரூபாய்க் கடனாளி. இந்தக் கணக்கை எழுதி முடித்தபோது எங்களுக்கே சிரிப்பு வந்தது. அதற்குப் பிறகு வசனம் எழுதுவது சுலபமாக இருந்தது. ஒவ்வொருவரும் தன் தொகையை நியாயமான தொகை என்று நம்புகிறார். பொய் சொல்கிறவர் ஒருவரும் இல்லை. கோயில் தலைவர் கூட, கிழவர் முன்பு ஒரு நாள் நேர்த்தி வைத்ததைத்தான் நினைவூட்டுகிறார்; அது மணிக்கா மணிக்கோபுரத்துக்கா என்பதில்தான் சிக்கல்.

அந்தக் கடைசி 350 ரூபாயைத் தயவுசெய்து முழுத்தொகை ஆக்கிவிடாதீர்கள். லட்சங்களில் பேச்சு நடக்கும் கூட்டத்தில், கடைக்காரர் எழுந்து கொப்பியைத் திறந்து, “சீனி, இரண்டு கிலோ” என்று வாசிக்கத் தொடங்கினால் படம் பார்க்கிற சபை சிரிக்கும். சிரித்தது.

ஒரு எச்சரிக்கை. நுண்கடன் வசூலிக்க வாரம் ஒருமுறை மோட்டார் சைக்கிளில் வருகிறவரைக் கதையில் வைக்க ஆசை வரும். வைக்கலாம். ஆனால் கடன்பட்ட பெண்ணை ஒளிந்தோட வைத்துச் சிரிப்புக் காட்ட வேண்டாம். எத்தனையோ வீடுகளில் அது அழுத கதை. வசூலிக்க வருகிறவரையே பரிசுச் செய்தியில் மயங்க வையுங்கள். அவரும் யாரோ ஒருவருக்குக் கணக்குக் காட்ட வேண்டிய பையன்தான்.

மூன்றாம் படி: சீட்டை எங்கே வைப்பது

பரிசு விழுந்த சீட்டு எங்கே இருக்கிறது என்பது சபைக்கு எப்போதும் தெரிந்திருக்க வேண்டும். பாத்திரங்களுக்குத் தெரிந்திருக்கக் கூடாது. இது பழைய விதி, மீறாதீர்கள். முதல் படத்தில் சபைக்கும் மறைத்து வைத்து, கடைசியில் வியப்பூட்டப் பார்த்தோம். வியந்தவர் எவரும் இல்லை. எல்லோரும் அரைமணி நேரம் தேடிக் களைத்துவிட்டார்கள்.

சரி, எந்த இடத்தில்? கிடுகுக் கூரையில் செருகுவது, கொட்டைப்பெட்டியில் வெற்றிலையோடு மடித்து வைப்பது, சாமிப் படத்துக்குப் பின்னால் வைப்பது எல்லாம் எழுதிப் பார்த்தோம். பிறகு, நடிக்க வந்திருந்த ஆச்சி ஒருவரிடம், “உங்கள் வீட்டில் முக்கியமான தாளை எங்கே வைப்பீர்கள்?” என்று கேட்டோம். அவர் பதில் சொல்லாமல் உள்ளே போய், ஒரு பொலித்தீன் பையைக் கொண்டுவந்து மடியில் வைத்துக்கொண்டார். வாய் இறப்பர் வளையத்தால் கட்டியிருந்தது. உள்ளே இன்னொரு பை. அதற்குள் பிறப்புச் சான்றிதழ்கள், குடும்ப அட்டை, காணி பேர்மிட், ஓரம் கறுத்த இரண்டு புகைப்படங்கள். 2009இல் போரில் இடம்பெயர்ந்து ஓடியபோது வீட்டுச் சாமான் எல்லாம் வழியில் விழுந்துபோக, கையை விட்டுப் போகாமல் வந்தது அந்தப் பை ஒன்றுதான் என்றார். பிறகு கட்டி உள்ளே வைத்துவிட்டார். புகைப்படத்தில் இருப்பவர்கள் யார் என்று நாங்கள் கேட்கவில்லை.

வன்னியில் பெரும்பாலான வீடுகளில் அப்படி ஒரு பை இருக்கிறது. 40 ரூபாய்ச் சீட்டு போய் உட்கார வேண்டிய இடம் அதுதான். திருட வந்த மருமகன் இருட்டில் பையை அவிழ்க்கிறான். கைபேசி வெளிச்சத்தில் ஒவ்வொரு தாளாக எடுத்து வைக்கிறான். சீட்டுக்கு முந்திய தாள் அவனுடைய மனைவியின் பிறப்புச் சான்றிதழ். வசனம் வேண்டாம், இசை வேண்டாம். அவன் தாள்களை எடுத்த ஒழுங்கிலேயே திரும்ப அடுக்கப் பார்க்கிறான், ஒழுங்கு மறந்துபோகிறது, அதிலிருந்து மறுபடி சிரிப்புத் தொடங்கட்டும். போரை இதற்கு மேல் படத்தில் இழுக்க வேண்டியதில்லை. பையைப் பார்த்த மாத்திரத்தில் எங்கள் சபைக்கு எல்லாம் தெரியும்.

உண்மைப் பையைப் படப்பிடிப்புக்கு இரவல் வாங்கக் கூடாது. யார் தந்தாலும் வாங்காதீர்கள். நாங்கள் போலித் தாள்களால் ஒன்று செய்து, ஒரு வாரம் அடுப்பங்கரையில் புகை படியத் தொங்கவிட்டோம்.

நான்காம் படி: காட்சிகளைக் கோப்பது

35 நிமிடப் படத்துக்குச் சீட்டு ஐந்து கை மாறினால் போதும். தொடக்கத்துக்கு முறிகண்டியை விடச் சிறந்த இடம் எனக்குத் தெரியவில்லை. கண்டி வீதியில் போகும் பஸ் எதுவாக இருந்தாலும் பிள்ளையாருக்கு நிற்கும், தேங்காய் உடையும், கச்சான் (வேர்க்கடலை) விற்கிறவர்கள் சூழ்வார்கள். மிச்சக் காசு இல்லாததால் கச்சான்காரி கிழவர் கையில் ஒரு சீட்டைத் திணிக்கிறாள், பக்கத்து மேசைக்காரரிடம் வாங்கி. அவர் கேட்டு வாங்காத சீட்டு அது. இது முக்கியம்: கிழவருக்கு ஆசை இல்லை என்பதை முதல் இரண்டு நிமிடத்திலேயே சொல்லிவிட்டீர்கள்.

நடுவில் ஒரு பெரிய காட்சி வேண்டும். எங்களுக்குக் கிடைத்தது குளக்கட்டு. ஊருக்குள் கைபேசிச் சமிக்ஞை சரியாக எடுக்காது; குளக்கட்டில் ஏறினால் எடுக்கும். முடிவு வெளியான இரவுக்கு மறுநாள் விடியற்காலை, யாருக்கும் தெரியாமல் இலக்கத்தைப் பார்க்க ஒருவர் கட்டில் ஏறுகிறார். எதிரே இன்னொருவர் வருகிறார். “தண்ணீர் எத்தனை அடி?” என்று கேட்கிறார். அவரும் துருசை (மதகை)ப் பார்த்தபடி ஏதோ ஓர் அடியைச் சொல்கிறார். மூன்றாமவர், நான்காமவர், பிறகு மாதர் சங்கத் தலைவி. எல்லோரும் தண்ணீரைப் பார்க்கிறார்கள்; எல்லோருடைய கையும் சட்டைப் பைக்குள் இருக்கிறது. கமக்கார (விவசாயிகள்) அமைப்புச் செயலாளர் இத்தனை பேர் குளத்தில் அக்கறை காட்டுவதைக் கண்டு மனம் நெகிழ்ந்து, ஊர் கூடிக் கூலியில்லாமல் வேலை செய்யும் சிரமதானத்துக்கு அங்கேயே கூட்டம் தொடங்கிவிடுகிறார். வன்னியில் குளம் என்றால் உயிர். இரணைமடு, முத்தையன்கட்டு, வவுனிக்குளம் என்று பெரியவற்றைச் சொல்வார்கள், ஆனால் இந்தக் காட்சிக்குச் சின்ன ஊர்க்குளம் போதும். பெரிய குளக்கட்டில் மனிதர் எறும்பு போல் தெரிவார், முகம் தெரியாது.

முடிவு உங்களுடையது. நாங்கள் சீட்டைக் கொழும்பு வரை கொண்டுபோனோம். அதற்கு மேல் சொல்ல மாட்டேன், ஊரில் இன்னும் பார்க்காதவர்கள் இருக்கிறார்கள்.

ஐந்தாம் படி: நடிகரும் பேச்சும்

வெளியூரிலிருந்து நடிகர் தேடி அலையாதீர்கள். வன்னியில் கோவலன் கூத்தும் காத்தவராயன் கூத்தும் ஆடியவர்கள் ஊருக்கு ஊர் இருக்கிறார்கள். வசனத்தை ஒருமுறை கேட்டால் மனப்பாடம். ஆனால் கூத்துக்காரரின் குரல் விடிய விடிய வெட்டவெளியில் கடைசி வரிசைக்கும் கேட்கப் பழகியது. கமெராவோ மூன்று அடியில் நிற்கிறது. எங்கள் கோயில் தலைவராக நடித்த அண்ணாவியார் (கூத்துப் பழக்குகிறவர்), “தம்பி, இங்கே வா” என்ற சொல்லையே விருத்தம் போல் இழுத்தார். சொல்லிப் பார்த்தோம், மாறவில்லை. பிறகு ஒரு சுளகு நிறையக் கச்சானைக் கொடுத்து, உடைத்துக்கொண்டே பேசுங்கள் என்றோம். கை சிறிய வேலையில் இருந்தால் குரலும் சிறியதாகிவிடுகிறது. அதோடு அவர் ஒரு கோதை உடைத்து, உள்ளே பருப்பு இல்லாததைப் பார்த்துவிட்டு வசனத்தைத் தொடர்ந்தார். படத்தில் அதிகம் சிரித்த இடம் அது. நாங்கள் எழுதியது இல்லை.

பேச்சு வழக்கை ஒரே அச்சில் வார்க்காதீர்கள். வன்னியில் பரம்பரையாக இருப்பவர்கள், குளத்துக் குடியேற்றத் திட்டங்களில் யாழ்ப்பாணத்திலிருந்து வந்தவர்கள், 1977இல் தமிழருக்கு எதிராக நடந்த வன்முறைக்குப் பின் மலையகத்திலிருந்து வந்து காடு வெட்டிக் குடியேறியவர்கள் என்று பல நாக்குகள் உண்டு. 1976இல் வந்த ‘கோமாளிகள்’ என்ற இலங்கைத் தமிழ்ப் படம் வெவ்வேறு வட்டாரப் பேச்சுகளை ஒன்றாக விட்டுத்தான் சிரிக்க வைத்தது. வானொலி நாடகத்திலிருந்து வந்த பலம் அது. ஆனால் ஒரு வழக்கைப் பேசுகிறவர் மட்டுமே முட்டாளாக வருவது கூடாது. நடிகர் வீட்டில் எப்படிப் பேசுவாரோ அப்படியே பேச விடுங்கள். முறைப்பெயரும் அப்படித்தான்: அப்பு, ஆச்சி, விதானையார், மாஸ்டர் என்று ஊர் அழைக்கிறபடியே. மருமகன் மாமனாரின் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் சபை கதையை விட்டுவிட்டு அவனைப் பேசத் தொடங்கிவிடும்.

ஆறாம் படி: காலம், இடம், அனுமதி

காலபோக (மழைக்கால நெல்) அறுவடை முடிந்த மாசி, பங்குனி வசதியானது. மழை விட்டிருக்கும், ஆட்களுக்கு ஓய்வு இருக்கும், குளத்தில் தண்ணீரும் இருக்கும். கதை மட்டும் அறுவடைக்கு முன் நடக்கட்டும். காசெல்லாம் வயலில் கிடக்கும் அந்த நேரத்தில்தான் 20 லட்சம் பெரிதாகத் தெரியும். வெட்டாத வயல் இரண்டு காட்சிக்கு வேண்டும் என்றால் தை மாதத்திலேயே போய் அதை மட்டும் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். வைகாசிக்குப் பின் சோளகக் காற்று தொடங்கிவிடும், ஒலிவாங்கியில் காற்றைத் தவிர வேறொன்றும் பதியாது. கோயில் திருவிழா நாட்களைக் கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். ஒலிபெருக்கி கட்டிய ஊரில் வசனம் எடுக்க முடியாது. மதிய வெயிலில் முகம் கருகித் தெரியும். காலை ஆறிலிருந்து ஒன்பது, மாலை நான்கிலிருந்து ஆறு. நடுவில் சமைத்துச் சாப்பிட்டுப் பாலை மர நிழலில் படுங்கள்.

அனுமதியைக் கிராம சேவகரிடமிருந்து தொடங்குங்கள். குளக்கட்டுக்குக் கமக்கார அமைப்பிடமும் குளத்துக்குப் பொறுப்பான திணைக்களத்திடமும் கேளுங்கள். பிரதேச செயலகத்தில் கலாசார உத்தியோகத்தர் இருப்பார். பொதுத் திரையிடலுக்குத் தணிக்கைச் சான்றிதழ் எப்படிப் பெறுவது என்பதையும் அவரிடமே முதலில் கேட்டுவிடுங்கள். ட்ரோன் பறக்க விட சிவில் விமான சேவைகள் அதிகாரசபையின் விதிகள் உண்டு. இராணுவ முகாம் அருகே நினைக்கவே வேண்டாம். உண்மையில் இந்தக் கதைக்கு ட்ரோன் தேவையில்லை. பேராசையை மேலிருந்து பார்த்தால் ஒன்றும் தெரியாது.

காட்டோரக் காட்சி என்றால் பழகிய பாதையை விட்டு இறங்காதீர்கள். கண்ணிவெடி எச்சரிக்கைப் பலகையோ நாடாவோ கண்டால் திரும்பிவிடுங்கள். பலகை இல்லாத பற்றைக்கும் ஊரவரைக் கேட்காமல் போகாதீர்கள். இருட்டுவதற்குள் சாமான்களைக் கட்டுங்கள், யானை நடமாட்டம் உண்டு.

ஏழாம் படி: எடுப்பது

நல்ல கைபேசி போதும். காசை ஒலிக்குச் செலவிடுங்கள். சட்டைக்குள் மாட்டும் ஒலிவாங்கி இரண்டு, முக்காலி ஒன்று. நகைச்சுவைக் காட்சியைத் துண்டு துண்டாக வெட்டாமல், இரண்டு பேரும் ஒரே சட்டகத்தில் தெரிய நீளமாக எடுங்கள். ஒருவர் பொய் சொல்லும்போது கேட்கிறவரின் முகத்தில்தான் சிரிப்பு இருக்கிறது. சீட்டை மட்டும் அடிக்கடி அருகில் காட்டுங்கள்: மடிப்பு, வியர்வைக் கறை, கிழிந்த மூலை. ஒவ்வொரு கை மாறும்போதும் அது கொஞ்சம் பழசாக வேண்டும். அதனால் ஒரே மாதிரிச் சீட்டு பத்தாவது அச்சடித்து வைத்திருங்கள், எந்தக் காட்சிக்கு எது என்று பின்னால் பென்சிலால் எழுதி. நாங்கள் எழுதாமல் விட்டு, ஒரே காட்சியில் சீட்டு கிழிந்து, ஒட்டி, மறுபடி கிழிந்தது.

எட்டாம் படி: ஊருக்குக் காட்டுவது

முதல் திரையிடல் படம் எடுத்த ஊரிலேயே நடக்கட்டும். பொது நோக்கு மண்டபத்துச் சுவரில் வெள்ளைத் துணி, இரவல் புரொஜெக்டர், மின்சாரம் போனால் ஜெனரேட்டர். நடித்தவர்களுக்கு முன்வரிசை. முதல் பத்து நிமிடம் யாரும் கதையைப் பார்க்க மாட்டார்கள். தங்கள் வீட்டு வேலி தெரிகிறதா, மாடு தெரிகிறதா என்றுதான் பார்ப்பார்கள். ஆகவே முதல் பத்து நிமிடத்தில் முக்கியமான தகவல் எதையும் ஒருமுறை மட்டும் சொல்லி விட்டுவிடாதீர்கள்.

கடைசியாக ஒரு தொழில்நுட்பத் தவறு, எங்களுடையது. சீட்டின் இலக்கத்தை முழுமையாக, தெளிவாக, பல தடவை திரையில் காட்டிவிட்டோம். மறுநாள் காலை சந்தியில் லொத்தர் விற்பவர் எங்களைக் கண்டதும் சைக்கிளை மறித்தார். விடிந்ததிலிருந்து ஆறு பேர் வந்து அந்த இலக்கத்தைத்தான் கேட்கிறார்களாம். அதில் இரண்டு பேர் படத்தில் நடித்தவர்கள். இலக்கத்தின் பாதியை விரலால் மறைத்துப் பிடிக்கச் சொல்லுங்கள்.